ஒன்பதாவது பொம்மையின் ஜீன்ஸ்

பாப்பா,

இதை உட்கார்ந்து படி. ஆபீஸ் கேன்டீனில் ஒரு கையில் டீயும் ஒரு கையில் இதுவுமாக நின்றுகொண்டு படிக்காதே. உன் அம்மா, "போட்டோ புடிச்சு வாட்ஸ்ஆப்ல அனுப்பிடலாம், ஒரு நிமிஷ வேலை" என்றாள். நான் ஒத்துக்கொள்ளவில்லை. ஷூ கம்பெனியில் முப்பது வருஷத்துக்கு மேல் பேட்டர்ன் வரைந்தவன் கையெழுத்து இது. கையில் பிடித்துத்தான் படிக்க வேண்டும். அதனால் ஓசூருக்குக் கூரியரில் வருகிறது. மாப்பிள்ளை கேட்டால் அவரும் படிக்கட்டும். உன் அத்தை பிடுங்கிப் படித்தாலும் எனக்குக் கவலை இல்லை. இந்த வீட்டில் நடந்த ஒரு விஷயத்தைப் பத்து வருஷமாக நாம் மூன்று பேரும் பேசாமலே சுற்றி வளைத்துப் போய்க்கொண்டிருக்கிறோம். அடுத்த மாதம் உனக்குக் கல்யாணம். அதற்கு முன்னால், வருகிற சனிக்கிழமைக்குள், எனக்கு உன்னிடமிருந்து ஒரு பதில் வேண்டும். 'சரி' என்று சொல், இல்லை 'வேண்டாம்' என்று சொல். எதற்கு என்று கேட்பாய். சொல்கிறேன், பொறு. உன் அப்பனுக்கு எதையும் நேராகச் சொல்லி வழக்கமில்லை என்பது உனக்குத் தெரியும்.

போன மாதம் வாணியம்பாடியிலிருந்து பர்வீன் மிஸ் நம் வீட்டுக்கு வந்தார். காலேஜில் சரித்திரம் நடத்துகிறவர். ஆள் குள்ளம், குரல் மட்டும் கம்பெனி சைரன். நம் பக்கத்துப் பெண்கள் நூறு வருஷமாக என்ன உடுத்தினார்கள், முடியை எப்படி முடிந்தார்கள் என்று காலேஜ் ஹாலில் பொம்மைகளுக்கு உடுத்தி வைக்கப் போகிறாராம். பழைய போட்டோக்கள் ஒரு பை நிறையக் கொண்டுவந்திருந்தார். "துணி கிடைக்காததெல்லாம் போட்டோவைப் பார்த்துத் திரும்பத் தைக்கணும் சார். தையல்காரங்ககிட்ட கொடுத்தா இப்போ இருக்கிற ஜாக்கெட் மாதிரியே தைச்சுக் கொடுத்துடறாங்க. நீங்க போட்டோவைப் பார்த்தே ஷூவுக்குப் பேட்டர்ன் எடுப்பீங்களாமே?" என்றார். நான் பதில் சொல்வதற்குள் உன் அம்மா உள்ளேயிருந்து, "எடுப்பாரு மிஸ். ரிடையர் ஆனதுலேர்ந்து என்னை பேஜார் பண்றதத் தவிர அவருக்கு வேற வேல இல்ல. கூட்டிக்னு போங்க" என்று கையோடு தள்ளிவிட்டாள். இப்படித்தான் நான் பெண்கள் துணிக்கு மாஸ்டர் ஆனேன். சிரிக்காதே. சரி, சிரி.

பொம்மைகள் ஒன்பது, ஆம்பூர் பஜாரில் ஒரு ஜவுளிக்கடையில் இரவல் வாங்கியவை. எல்லாம் ஒரே முகம், ஒரே வெள்ளை, ஒரே கூர்மூக்கு. பர்வீன் மிஸ் இடுப்பில் கை வைத்து ஒரு சுற்று சுற்றிப் பார்த்துவிட்டு, "இந்த மூக்கு நம்ம ஊர்ல யாருக்கு சார் இருக்கு?" என்றார். டிராயிங் மாஸ்டரைக் கூப்பிட்டு ஒன்பதுக்கும் மாநிறம், கறுப்பு, சிவப்பு என்று விதவிதமாகப் பெயின்ட் அடித்தோம். ஒரு பொம்மைக்கு இடது கை இல்லை. அதற்கு முந்தானையைச் சுற்றிப் போர்த்தி, தலையில் புல்லுக்கட்டை ஏற்றி, அணைக்கட்டு ஊர்ப் பக்கத்துக் கழனி வேலைக்காரியாக்கிவிட்டோம். கட்டு சரிந்துவிடாமல் இருக்க நான் உள்ளே அட்டை வைத்து, ஷூவுக்குள் அடித்தோல் ஒட்டும் இன்சோல் பசையால் ஒட்டினேன். பூகம்பம் வந்தாலும் அசையாது.

முதல் ரவிக்கையில் நான் பட்ட அவமானத்தையும் சொல்லிவிடுகிறேன். ஷூவுக்குப் பேட்டர்ன் எப்படி எடுப்போம் என்று சின்ன வயசில் நீயே பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறாய். கால் மாதிரியிருக்கும் கட்டை மேல் டேப் ஒட்டி, அதன் மேல் கோடு போட்டு, டேப்பை உரித்துத் தட்டையாக்கினால் பேட்டர்ன். அதே மாதிரி பொம்மையின் உடம்பு முழுக்க டேப் ஒட்டி, போட்டோவில் இருந்த பஃப் கை ரவிக்கையைக் கோடு போட்டு உரித்தேன். காலேஜ் பெண்கள் வாயைப் பிளந்து பார்த்தார்கள். எனக்கு ஒரே பெருமை. கோட்டின் மேலேயே வெட்டினேன், ஓரத்தோடு ஓரம் வைத்துத் தைத்தேன். தோலுக்கு நூல் பிரியாது பார், வெட்டின இடமே ஓரம். பருத்திக்கு அப்படியா? பொம்மைக்கு மாட்டி இரண்டு நாளில் அக்குள் பக்கம் நூல் நூலாகப் பிரிந்து தொங்கியது. தையலுக்குத் துணி விட வேண்டும் என்பது பத்தாவது படிக்கிற பெண்ணுக்குக்கூடத் தெரியுமாம். சரியென்று அரை இன்ச் விட்டு மறுபடி தைத்தேன். இந்த முறை பொம்மைக்குக் கச்சிதம். ஒரு மாணவி ஆசைப்பட்டுப் போட்டுப் பார்த்தாள். போட்டுக்கொண்டு, "சார், அழகா இருக்கு. ஆனா கையத் தூக்க முடில, மூச்சும் விட முடில" என்றாள். அன்றைக்கு மதியச் சாப்பாடு கொண்டுவந்திருந்த உன் அம்மா அதைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தாள். "கட்டைக்கு தெச்சே பழகிட்டாரும்மா. பொம்பள மூச்சு விடுவான்றது இவருக்கு இப்பத்தான் தெரியுது" என்றாள். அந்தப் பெண்களும் சிரித்தார்கள். நானும் சிரித்து வைத்தேன். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அந்தப் பேச்சு என்னோடு பஸ்ஸில் வந்தது.

ஆனால் முடி விஷயத்தில் என்னை யாரும் அசைக்க முடியவில்லை. அங்கே நான்தான் ராஜா. நைலான் சவுரி வாங்கி, பொம்மைத் தலையில் வலை மாட்டி, கொண்டை, ஒற்றைப் பின்னல், ரிப்பன் வைத்து மடித்துக் கட்டிய இரட்டைப் பின்னல் என்று வரிசையாகப் போட்டேன். "சார், இவ்ளோ ஸ்பீடா எப்படி சார்?" என்று அந்தப் பெண்கள் கேட்டார்கள். நான் என்னவென்று சொல்வது? உன் அம்மாவுக்குக் காலை ஆறே முக்காலுக்குக் கம்பெனி பஸ், எனக்கு எட்டரைக்கு வேலை, நடுவில் நீ. ஒண்ணாங்கிளாஸிலிருந்து உனக்குத் தலை வாரிப் பின்னிவிட்டது நான்தானே. எனக்குத் தெரிந்த பின்னல் செருப்புக்கு மூன்று வார் சேர்த்துப் பின்னுவதுதான். அந்த இறுக்கத்திலேயே உனக்கும் போட்டேன். "நைனா, கண்ணு மூட முடில" என்று நீ அழுதுகொண்டே பள்ளிக்கூடம் போனாய். உங்கள் டீச்சர் என்னைக் கூப்பிட்டு, "புள்ளைக்கு புருவம் மேல ஏறி நிக்குதுங்க, கொஞ்சம் லூஸா போடுங்க" என்றார். அப்புறம் கற்றுக்கொண்டேன். ஐந்தாவது வரும்போது தெருவில் நான்கு பெண் பிள்ளைகள் என்னிடம் பின்னிக்கொள்ள வரிசையில் உட்கார்ந்தார்கள். உனக்கு அதில் ஒரே கர்வம். மற்ற பிள்ளைகளை, "எங்க நைனா எனக்கு முடிச்சிட்டுத்தான் உங்களுக்கு" என்று விரட்டுவாய். ஒரு மாணவி, "உங்க பொண்ணுக்கு முடி நீளமா சார்?" என்றாள். "இருந்துச்சும்மா" என்றேன். சொல்லிவிட்டு அடுத்த சவுரியை எடுத்துப் பிரித்தேன்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். பர்வீன் மிஸ் ஒவ்வொரு பொம்மைக்கும் பக்கத்தில் ஓர் அட்டை வைக்கச் சொன்னார். என் கையெழுத்துக்காக எழுதும் வேலையையும் என் தலையிலேயே கட்டினார். அட்டையில் ஐந்து வரி. துணி என்ன, காலம் என்ன, உடுத்தியவர் யார். நான்காவது வரி, 'இதற்காகத் திட்டியவர்'. ஐந்தாவது, 'அதற்கு உடுத்தியவர் என்ன செய்தார்'. எனக்கு முதலில் விளங்கவில்லை. "இன்னா மிஸ் இது, கண்காட்சியா பஞ்சாயத்தா?" என்றேன். அவர் சிரித்துக்கொண்டே, "கேட்டுப் பாருங்க சார். திட்டு வாங்காத துணி ஒண்ணுகூட இருக்காது" என்றார். நான் நம்பவில்லை.

தோல் பதனிடும் ஷாப்பில் வேலை செய்த முனியம்மாக்காவை உனக்குத் தெரியும். ஸ்டேஷன் பக்கத்தில் மகனோடு இருக்கிறதே, வெற்றிலையும் வாயுமாக, அதுதான். எண்பதைத் தாண்டிவிட்டது, நாக்குக்கு மட்டும் வயசே ஆகவில்லை. சுண்ணாம்புத் தொட்டிப் பக்கம் வேலை செய்தவர்கள் சேலையை முழங்காலுக்கு ஏற்றிச் சொருகி, முடி நுனிகூடத் தொட்டியில் விழாதபடி கோடாலி முடிச்சுப் போட்டிருப்பார்கள். அந்த முடிச்சைக் காட்டித் தரக் கூப்பிட்டோம். பொம்மையின் தலையில் நான் போட்டிருந்ததைப் பார்த்து, "இன்னாப்பா இது, கல்யாணத்துக்கா போறா?" என்று அவிழ்த்து எறிந்துவிட்டு ஒரு சுழற்றலில் இறுக்கி முடிந்தது. பூவெல்லாம் வாசலோடு சரியாம். வேலைக்குப் போகும்போது முழப் பூவை ஈரத்துணியில் சுற்றி வாட்ச்மேன் கொட்டகையில் வைத்துவிட்டு, சாயங்காலம் கை கால் கழுவிய பிறகு வைத்துக்கொண்டு வீட்டுக்கு வருவார்களாம். "நாத்தம் எங்க கூட வரலாம், எங்களுக்கு முன்னால வரக்கூடாது" என்றது. அப்புறம் நான்காவது வரியைக் கேட்டேன். அது வெற்றிலையைத் துப்பிவிட்டு, "நான் மொத மொத ஜாக்கெட்டு போட்டுக்னு ஷாப்புக்கு போன அன்னிக்கு எங்க மாமனாரு தெருவுல நின்னுக்னு கத்துனாரு. பாருங்கடா, தொரசானி போறான்னு. ஜாக்கெட்டு போட்டதுக்குத் திட்டு. இப்ப என் பேத்தி கையில்லாத ஜாக்கெட்டு போடுறா, அதுக்கு என் மவன் கத்துறான். இவனுங்களுக்கு இன்னாதான்யா வேணும்?" என்றது. "அதுக்கு நீ இன்னாக்கா பண்ணே?" என்றேன். "இன்னா பண்றது? மறுநாளும் அதையே போட்டுக்னு போனேன். இன்னோர் ஜாக்கெட்டு இல்லியே" என்றது. ஹாலே அதிரச் சிரித்தோம். முனியம்மாக்கா சொன்னதை ஒரு வார்த்தை மாற்றாமல் அட்டையில் எழுதினேன்.

அதற்குப் பிறகு எனக்கு இந்த வேலையில் ருசி பிடித்துவிட்டது. ஒவ்வொருவரிடமும் நான்காவது வரியைத்தான் முதலில் கேட்டேன். ஒற்றைப் பின்னல் போட்டுப் பள்ளிக்கு வந்த பெண்ணை ஹெட்மாஸ்டர் திட்டியிருக்கிறார், இரட்டைப் பின்னல்தான் ஒழுக்கமாம். அவள் மறுநாள் மூன்று பின்னல் போட்டுக்கொண்டு போனாளாம். நைட்டியோடு ரேஷன் கடைக்குப் போன நம் தெருத் தையல்காரம்மாவை அவள் வீட்டுக்காரர் திட்டியிருக்கிறார். நைட்டிக்கு மேல் தோளில் ஒரு டவல் போட்டால் அது வெளியே போகிற துணி என்பது அவள் கணக்கு. "அப்ப நீங்களே போங்கன்னு பையைக் கைல கொடுத்தேன். இன்னிக்கு வரைக்கும் அவர்தான் போறாரு" என்றாள். பர்வீன் மிஸ்ஸின் அம்மா கல்யாணத்தில் போட்ட துப்பட்டாவுக்குக்கூட ஒரு திட்டு இருந்தது, ஜரிகை ஜாஸ்தியாம், பெரியப்பா முகம் சுளித்தாராம். எல்லா அட்டையையும் வரிசையாக வைத்துப் பார்த்தேன். மாமனார், பெரியப்பா, ஹெட்மாஸ்டர், அண்ணன், புருஷன். நல்லா வேணும் இவனுங்களுக்கு என்று எனக்கு ஒரே சந்தோஷம்.

எட்டாவது பொம்மைக்கு உன் அம்மாவின் கம்பெனி கோட்டும் தலைக்குல்லாவும். உள்ளே சுடிதார். அட்டையை எடுத்துக்கொண்டு வந்து வீட்டில் உட்கார்ந்தேன். "இதுக்கு யாரு திட்டுனாங்க?" என்றேன். அவள் வெங்காயம் நறுக்கிக்கொண்டே தலை நிமிராமல், "எழுதுங்க. நீங்கதான்" என்றாள். நடந்ததுதான். மிஷின் சக்கரத்தில் முந்தானை மாட்டுகிறது, தையல் லைனில் எல்லாரும் சுடிதாருக்கு மாறிவிட்டார்கள், நானும் மாறுகிறேன் என்று அவள் கேட்டபோது, கல்யாணமானவள் சுடிதார் போடுவாளா என்று நான் குதித்திருக்கிறேன். எனக்குச் சுத்தமாக மறந்துபோயிருந்தது. "அப்புறம் நான் ஒத்துக்கிட்டேன்ல?" என்றேன். "ஒத்துக்கிட்டீங்க, ஒரு வருஷம் கழிச்சு. அந்த ஒரு வருஷமும் வீட்லேர்ந்து சேலை, கம்பெனி பாத்ரூம்ல சுடிதார், சாயந்திரம் மறுபடி சேலை. பஸ்ல இருந்த அத்தன பேருக்கும் தெரியும். உங்களுக்கு மட்டும் தெரியாது" என்றாள். ஒரு வருஷம்! நானும் அதே கம்பெனியில்தான், பக்கத்துக் கட்டடத்தில், பேட்டர்ன் வரைந்துகொண்டிருந்தேன். அட்டையில் நான்காவது வரியில் 'கணவர்' என்று எழுதினேன். எழுத்து கொஞ்சம் கோணியது. அதைப் பார்த்து உன் அம்மா, "வெங்காயத்த நான் நறுக்குறேன், கண்ணு உங்களுக்குக் கலங்குது" என்று கேலி செய்தாள்.

மறுநாள் பர்வீன் மிஸ் கேட்டார். "ஒன்பதாவதுக்கு ஜீன்ஸ் வேணும் சார். இந்த ஊர்ல முதல் முதலா போட்ட பொண்ணுங்க யாரோடதாவது பழசு கிடைக்குமா? புதுசு வாங்கி மாட்ட எனக்கு இஷ்டமில்ல. திட்டு வாங்கின ஜீன்ஸா இருக்கணும்." நான் கத்திரிக்கோலைக் கீழே வைத்துவிட்டேன்.

பாப்பா, நீ வேலூரில் காலேஜ் இரண்டாம் வருஷம். ஒரு நாள் தோழிகளோடு ஜீன்ஸ் போட்டுக்கொண்டு நம் ஊர் பிரியாணிக் கடைக்குப் போயிருந்தாய். அதற்கு அடுத்த நாள் நான் வேலை முடிந்து டீக்கடையில் நின்றிருந்தேன். அங்கே இரண்டு பேர் உன்னைப் பற்றி நான்கு வார்த்தை சொன்னார்கள். அதை இங்கே எழுத மாட்டேன். ஓங்கி அறைந்திருக்க வேண்டியது அவர்களை. நான் என்ன செய்தேன்? டீக்குக் காசு கொடுத்துவிட்டு, தலையைக் குனிந்துகொண்டு வீட்டுக்கு வந்தேன். கொடியில் உன் ஜீன்ஸ் காய்ந்துகொண்டிருந்தது. தோல் வெட்டும் கத்திரியை எடுத்து, பலகையில் அதை விரித்து, இரண்டு காலையும் முட்டிக்கு மேல் ஒரே வெட்டாக வெட்டினேன். நீ கதவருகில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாய். அழுவாய், சண்டை போடுவாய் என்று நினைத்தேன். நீ கிட்டே வந்து, வெட்டின ஓரத்தை விரலால் தடவிப் பார்த்து, "நல்லா நேரா வெட்டியிருக்க நைனா" என்றாய். அவ்வளவுதான். மறுநாள் காலை எழுந்து வந்தால், அதே பலகையில் உன் பின்னல். முழுசாக, ரப்பர் பேண்டோடு. பக்கத்தில் என் கத்திரி. "இதையும் அதோட வச்சுக்கோ. இனிமே பின்னுற வேல உனக்கு இல்ல" என்று சொல்லிவிட்டு, கழுத்துவரை கத்தரித்த முடியோடு ரயிலைப் பிடிக்கப் போய்விட்டாய். உன் அம்மா மூன்று நாள் என்னோடு பேசவில்லை. நீ பேசினாய். சாப்ட்டியா நைனா, மாத்திரை போட்டியா நைனா என்று இன்றைக்கு வரைக்கும் பேசுகிறாய். அந்த ஒன்றைத் தவிர எல்லாம் பேசுகிறாய். உன் தலையில் கை வைத்து ஒரு சடை போட நான் கேட்டதும் இல்லை, நீ கொடுத்ததும் இல்லை.

எனக்கு அன்றைக்கு உன்மேல் கோபமே இல்லை பாப்பா. பயம். அந்த இரண்டு பேரைக் கேட்கத் துப்பில்லாத கோழைத்தனம். அதை உன் துணிமேல் காட்டினேன். நீ ஒரு தப்பும் செய்யவில்லை. தப்பு செய்தவன் நான். என்னை மன்னித்துவிடு. இந்த நாலு வரியை எழுத எனக்குப் பத்து வருஷமும் ஒன்பது பொம்மையும் தேவைப்பட்டிருக்கிறது.

அந்த ஜீன்ஸ் என்னிடம்தான் இருக்கிறது. வெட்டின கால்களும் இருக்கின்றன. பின்னலும் இருக்கிறது, ஏழாம் நம்பர் ஷூ பெட்டியில், டிஷ்யூ பேப்பர் சுற்றி. ஈரம் பிடிக்காமல் இருக்க ஷூ பெட்டிக்குள் போடும் சின்னப் பொட்டலம் ஒன்றும் உள்ளே. வருஷா வருஷம் மழைக்காலத்துக்கு முன்னால் அந்தப் பொட்டலத்தைப் புதுசு மாற்றுவேன். உன் அம்மாவுக்குத் தெரியாமல் செய்வதாக நினைத்துக்கொண்டிருந்தேன். பெட்டியை இறக்கின அன்று அவள், "இந்த வருஷம் இன்னா சீக்கிரமே மாத்துறீங்க?" என்றாள்.

ஜீன்ஸைத் தைத்துவிட்டேன். தோல் மிஷினில், மஞ்சள் நூலில், இரட்டைத் தையல். இந்த முறை தையலுக்குத் துணி விட்டுத்தான் தைத்தேன், புத்தி வந்துவிட்டது. ஒட்டுப் போட்டதை மறைக்க முடியாதா என்று பர்வீன் மிஸ்ஸைக் கேட்டேன். "மறைச்சா அப்புறம் எதுக்கு சார் இங்க வைக்கிறோம்?" என்றார். யாருடையது என்று அவருக்கு நான் சொல்லவில்லை. அவர் கேட்கவும் இல்லை, என் முகத்தைப் பார்த்தே புரிந்துகொண்டிருப்பார். இப்போது ஒன்பதாவது பொம்மை அதைப் போட்டுக்கொண்டு, மேலே ஒரு பெட்ஷீட்டைப் போர்த்திக்கொண்டு ஹால் மூலையில் நிற்கிறது. சனிக்கிழமை திறப்பு. உன்னைக் கேட்காமல் ஒரு முறை அந்தத் துணியில் கை வைத்தேன். தைத்ததோடு சரி, இந்த முறை உன்னைக் கேட்காமல் ஊருக்குக் காட்ட மாட்டேன். நீ சரி என்றால் பெட்ஷீட்டை எடுப்பேன். வேண்டாம் என்றால் எட்டு பொம்மையோடு கண்காட்சி, ஜீன்ஸ் உன் வீட்டுக்கு வந்துவிடும். எதற்கும் காரணம் சொல்ல வேண்டாம். பின்னலை நான் பொம்மைக்கு வைக்கவில்லை. பொம்மைக்குக் கழுத்தோடு நிற்கிற குட்டை முடிதான் வைத்திருக்கிறேன், நைலானில், நானே கத்தரித்தது. பின்னலைப் பெட்டியோடு உன்னிடம் கொடுக்கிறேன். வைத்துக்கொள், எறி, உன் இஷ்டம்.

உன் அத்தை கல்யாண அலங்காரத்துக்குச் சவுரி வாங்கச் சொல்லி உன் அம்மாவை நச்சரித்துக்கொண்டிருக்கிறாள். "குட்ட முடியில பூவ எங்க வைக்கிறது? மாப்ள வீட்டுக்காரங்க இன்னா நெனப்பாங்க?" என்று போன வாரம் வந்து ஒரே ரகளை. நான் பர்வீன் மிஸ்ஸின் பையிலிருந்து ஒரு போட்டோவை எடுத்து அவள் முன்னால் வைத்தேன். ரொம்பப் பழைய போட்டோ. காய்ச்சலில் முடியெல்லாம் எடுத்துவிட்ட ஒரு கல்யாணப் பெண், ஒட்டக் குட்டை முடியோடு, நெற்றிக்கு மேல் பூச்சரத்தைச் சுற்றிக் கட்டிக்கொண்டு கேமராவை முறைத்துப் பார்க்கிறாள். "வைக்கணும்னா இப்படியும் வைக்கலாம். வைக்க வேணாம்னா பூவை நீ வச்சுக்கோ" என்றேன். அத்தை என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "காலேஜுக்குப் போயி கெட்டுப் போய்ட்ட நீ" என்றாள். இந்த வயசில் காலேஜுக்குப் போய்க் கெட்டுப்போனது நம் குடும்பத்தில் நான் ஒருவன்தான்.

கல்யாணமாகிப் போகிற மகளுக்கு அப்பன் நாலு புத்தி சொல்ல வேண்டுமாம். என்னிடம் அவ்வளவு இல்லை. மாப்பிள்ளை நீயே பார்த்துச் சொன்ன பையன், எனக்கும் பிடித்த பையன். ஆனாலும் அவர் என்றைக்காவது ஒரு நாள் உன் துணியைப் பார்த்துக் குரலை உயர்த்தினால், முனியம்மாக்கா செய்ததைச் செய், மறுநாளும் அதையே போட்டுக்கொண்டு போ. உன் அம்மா மாதிரி ஒரு வருஷம் பாத்ரூமில் மாற்றிக்கொண்டிருக்காதே, அங்கே ஒற்றைக்காலில் நின்று மாற்றி அவள் வாங்கின மூட்டுவலியே போதும். நாளைக்கு உனக்கு ஒரு பிள்ளை பிறந்து, அது வெளியில் போய் நாலு பேர் பேசும்படி எதையாவது போட்டுக்கொண்டு நின்றால், கத்து, வேண்டுமானால் நன்றாகக் கத்து. கையில் மட்டும் கத்திரியை எடுக்காதே. பேசினவர்கள் யார் என்று கேட்டு அவர்களிடம் போ. நான் போகவில்லை. அந்த இருவரில் ஒருவர் இப்போதும் அதே கடையில் டீ குடிக்கிறார். போன திங்கட்கிழமை அவருக்குக் கண்காட்சி நோட்டீஸ் ஒன்றைக் கையில் கொடுத்து, "குடும்பத்தோட வாங்க. ஒன்பதாவது பொம்மையக் கட்டாயம் பாருங்க" என்றேன். நீ வேண்டாம் என்று சொன்னால் அவர் ஏமாந்து போவார், போகட்டும்.

ஒன்பதாவது அட்டையையும் எழுதி வைத்துவிட்டேன். நல்ல கையெழுத்தில், கோணாமல். துணி: டெனிம், ஒட்டுப் போட்டது. காலம்: பத்து வருஷத்துக்கு முன். உடுத்தியவர் என்ற இடத்தை விட்டிருக்கிறேன், உன் பேரைப் போடுவதா வேண்டாமா என்று நீ சொல்ல வேண்டும். திட்டியவர்: அப்பா. வெட்டியவர், தைத்தவர் என்று யாரும் கேட்காத இரண்டு வரியை நானே சேர்த்து, இரண்டிலும் அப்பா என்று எழுதினேன். கடைசி வரி, அதற்கு உடுத்தியவர் என்ன செய்தார், அதில் மட்டும் நான் எதுவும் எழுதவில்லை. அது உன் கையெழுத்தில்தான் வர வேண்டும்.

ஒரு விஷயம் மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன், பார்த்துவிட்டுக் குறை சொல்லாதே. தையலுக்குத் துணி விட்டதில் இரண்டு காலும் ஓர் இன்ச் குட்டையாகிவிட்டது. எவ்வளவு முயன்றும் பழைய நீளம் வரவில்லை. நீ போட்டால் கணுக்கால் தெரியும். இப்போது அதுதான் ஃபேஷன் என்று அந்தக் காலேஜ் பெண்கள் சொல்கிறார்கள். வந்து போட்டுப் பார். மூச்சு விட முடிகிறதா என்று சொல்.

உன் நைனா